சாணிவண்டும் கறையானும் காக்கும் புல்: மட்டக்களப்பின் மேய்ச்சல் தரைகள்

பெரும்போக விதைப்புக்கு முன், செப்டெம்பர் கடைசியில் தொடங்கி, படுவான்கரை வட்டைகளை விட்டு மாடுகள் மேற்கே நடக்கும். வயலில் வெள்ளாமை நிற்கும் காலத்தில் அவற்றுக்கு ஊரில் இடமில்லை. கிரான், செங்கலடிப் பக்கத்துப் பட்டிகள் மாதுறு ஓயாக் காட்டை ஒட்டிய மயிலத்தமடு, மாதவணை வெளிகளுக்குப் போகும். பட்டிப்பளைப் பக்கத்தில் கெவிளியாமடு இருக்கிறது. மாரி முழுவதும் அங்கே மேய்ந்துவிட்டு, அறுவடை முடிந்து வயல் திறந்தபின் திரும்பி வந்து தாள் மேயும். வாவிக்கும் கடலுக்கும் நடுவே ஒடுங்கிய மணற்கரையில் இருக்கும் ஆரையம்பதியில் இப்படி ஒரு வெளி கிடையாது. ஆனாலும் இந்த ஊரின் தயிர்ச்சட்டியும் வீட்டுத் தோட்டத்து எருவும் அந்த வெளிகளிலிருந்துதான் வருகின்றன. 2014இல் மண்முனைப் பாலம் திறக்கப்படும்வரை அவை பாதைப் படகில் ஏறி வாவியைக் கடந்து வந்தன. இப்போது பாலத்தால் வருகின்றன.

மேய்ச்சல் தரை பற்றி நம்மிடையே நடக்கும் பேச்சு பெரும்பாலும் நிலத்தின் உரிமை பற்றியது. அது வேண்டிய பேச்சுத்தான். எல்லை போட்டு, வர்த்தமானியில் அறிவித்து, பண்ணையாளர் கையில் கொடுக்கவேண்டிய நிலம் இன்னும் கொடுபடாமல் இருக்கும்போது வேறெதைப் பேசுவது என்று கேட்பவர்களின் கோபம் எனக்கும் உண்டு. ஆனால் அந்த வாதத்திலேயே ஒரு பெரிய இடைவெளி இருக்கிறது. “இது வெறும் பற்றைக்காடு, பயிர் செய்தால் பயன் வரும்” என்று எதிர்த்தரப்பு சொல்லும்போது, “இல்லை, இது புல்” என்பதோடு நாம் நின்றுவிடுகிறோம். அந்தப் புல் யாரும் விதைக்காமல், யாரும் உரம் போடாமல், தலைமுறை தலைமுறையாக எப்படி முளைக்கிறது என்பதை நாம் எடுத்துச் சொல்வதில்லை. அதற்கான விடையில் பெரும்பங்கு பூச்சிகளிடம் இருக்கிறது.

எந்த வகைப் புல்வெளி

இலங்கையின் புல்வெளிகளை முதலில் ஒழுங்காக வகைப்படுத்தி எழுதியவர்களில் வனத்துறையைச் சேர்ந்த சி. எச். ஹோம்ஸ் முக்கியமானவர், அவருடைய நூல் 1951இல் வெளிவந்தது. பின்னர் தாவரவியலாளர் எம். ஏ. பேமதாச 1990இல் இலங்கை, இந்தியப் புல்வெளிகளைச் சேர்த்து ஒரு மீள்நோக்கு எழுதினார். மலைநாட்டில் பத்தனை, மகாவலியின் வெள்ளச் சமவெளியில் வில்லு, உலர் வலயத்தில் தலாவ, தமன என்று சிங்களப் பெயர்களே ஆய்வுலகில் நிலைத்துவிட்டன. இவற்றில் தமன என்பது மட்டக்களப்பு, அம்பாறை மாவட்டங்களின் உட்பகுதிக்கு உரியது. உயரமான புல், நடுநடுவே தீயைத் தாங்கும் மரங்கள்: கடுக்காய், தான்றி, நெல்லி, வேங்கை. கால்நடைக்கும் யானைக்கும் இது பொதுவான மேய்ச்சல்.

இந்த மாவட்டத்தில் ஆண்டு மழையின் பெரும்பகுதி ஒக்டோபர் முதல் ஜனவரி வரையிலான நான்கு மாதங்களில் பெய்துவிடுகிறது. மீதி மாதங்களில் கச்சான் காற்று நிலத்தை உலர்த்தும். நாலு மாத வெள்ளத்தையும் எட்டு மாத வறட்சியையும் ஒரே செடி தாங்கவேண்டும். அறுகு நிலத்தோடு படர்ந்து, கணுவுக்குக் கணு வேர்விட்டுத் தாங்குகிறது. மாடு எவ்வளவு கடித்தாலும் அதன் வளர்நுனி மண்ணோடு ஒட்டியிருப்பதால் தப்பிக்கொள்கிறது. இலுக்கு, நிலத்தின் கீழ் ஓடும் கிழங்குத் தண்டால் தாங்குகிறது. தீ வைத்தால் மேலே உள்ளது எரியும், கீழே உள்ளது தளிர்க்கும். அதனால்தான் அடிக்கடி தீ வைக்கும் இடங்களில் அறுகு பின்வாங்கி இலுக்கு முன்னேறுகிறது. இலுக்கின் இளந்தளிரை மாடு விரும்பும்; முற்றியதைத் தொடாது. தளிருக்காகத் தீ வைக்கும் வழக்கம் இரண்டு மூன்று கிழமைக்கு நல்ல மேய்ச்சல் தந்து, பல ஆண்டுக்குத் தரக் குறைவான புல்லை விட்டுப்போகிறது. வைக்கத்தான் வேண்டுமென்றால் சிறு துண்டுகளாக, ஆண்டுக்கு ஆண்டு இடம் மாற்றி வைக்கவேண்டும். எரியாத துண்டில்தான் பூச்சிகளின் முட்டையும் கூட்டுப்புழுவும் பிழைத்திருந்து அடுத்த மாரிக்கு வெளியை நிரப்பும்.

வாவிக்கரை மேய்ச்சல் இதற்கு முற்றிலும் வேறு. ஐம்பது கிலோமீற்றருக்கு மேல் நீண்டு கிடக்கும் இந்த வாவியின் ஓரங்களில், கண்டலும் தில்லையும் முடியும் இடத்தில், உமரியும் கோரையும் உவர் தாங்கும் சிறுபுல்லும் வளரும். எருமைக்கு அது போதும். அங்குள்ள பூச்சிகளின் கதை நீரோடு சேர்ந்தது. இங்கே அதற்குள் நான் போகவில்லை.

சாணி

கொக்கட்டிச்சோலைத் தான்தோன்றீஸ்வரர் கோயிலின் கல் நந்தி பற்றி நம் பிள்ளைகள் எல்லோருக்கும் தெரியும். கோயிலை இடிக்க வந்த போர்த்துக்கேயர் முன்னால் அது எழுந்து புல் தின்றது. தின்றதோடு நிற்காமல் சாணமும் போட்டது. கல்லுக்கு உயிர் வந்ததை நம்பவைக்க இரண்டாவதையும் சேர்த்துச் சொன்னார்களே, அந்த முன்னோர் மாடு வளர்த்தவர்கள். புல் உள்ளே போவது பாதிக் காரியந்தான். அது மண்ணுக்குத் திரும்புவது மறுபாதி என்பது அவர்களுக்குத் தெரிந்திருந்தது.

ஒரு மாடு நாளொன்றுக்குப் பத்துப் பன்னிரண்டு தடவை சாணி போடும். நூறு மாடுள்ள ஒரு பட்டி, நாளுக்கு ஆயிரம் இடத்தில் நிலத்தை மூடுகிறது. அது வெயிலில் அப்படியே காய்ந்தால் என்ன நடக்கும்? அதிலுள்ள நைதரசனில் பெரும்பங்கு அமோனியாவாகக் காற்றில் போய்விடும். கீழே அகப்பட்ட புல் செத்துவிடும். சுற்றிலும் முளைக்கும் புல்லை, அதன் மணத்துக்காக, மாடு கடிக்காது. ஈரச் சாணியில் மாட்டிலையான் பெருகும்; குடற்புழுக்களின் குஞ்சுகள் பக்கத்துப் புல்லில் ஏறி அடுத்த மாட்டின் வாய்க்காகக் காத்திருக்கும்.

இது நடவாமல் தடுப்பது சாணிவண்டு. உலகில் ஐயாயிரத்துக்கு மேற்பட்ட வகைகள் உண்டு. இலங்கையையும் இந்தியாவையும் சேர்ந்த வகைகளை கில்பர்ட் ஆரோ 1931இல் ஒரு தனி நூலாகவே தொகுத்தார். வேலை செய்யும் விதத்தால் அவை மூன்று கூட்டம். ஒரு கூட்டம் சாணியை உருண்டையாக்கி உருட்டிக்கொண்டு போய்த் தொலைவில் புதைக்கும். நாம் வழியில் கண்டு நின்று பார்ப்பது இதைத்தான். ஆனால் எண்ணிக்கையில் இது குறைவு. இரண்டாவது கூட்டம் சாணிக்கு நேர் கீழேயே குழி தோண்டி உள்ளே இழுக்கும். தலையில் கொம்போடு, கட்டைவிரல் பருமனில், கரேலென்று இருக்கும் கதார்சியஸ் மொலோசஸ் இந்தக் கூட்டம். ஒந்தோபாகஸ் என்ற பேரினத்தின் சின்னஞ்சிறு வண்டுகளும் இதே. மூன்றாவது கூட்டம் சாணிக்குள்ளேயே குடியிருந்து அதைத் துளைத்துப் பொடியாக்கும். மழைக்கால இரவில் விழுந்த சாணி விடியும்போது உமிபோலச் சிதறிக் கிடப்பதும், அடியில் விரல் நுழையும் துளைகள் இருப்பதும் பட்டிக்காரர் அன்றாடம் காண்பவை. அந்தத் துளை வழியே மழைநீர் இறங்கும், காற்று இறங்கும், சத்து வேருக்குப் போகும். சாணியோடு வந்த விதைகளும் புதைந்து முளைக்கும்.

சாணிவண்டு இல்லாத நாடு எப்படி இருக்கும் என்பதற்கு உலகம் ஒரு சான்று வைத்திருக்கிறது. அவுஸ்திரேலியாவுக்கு மாடுகள் 1788இல் முதற் கப்பல் தொகுதியோடு போயின. அங்கிருந்த வண்டுகள் கங்காருவின் உலர்ந்த புழுக்கைக்குப் பழகியவை. மாட்டின் ஈரச் சாணியை அவற்றால் கையாள முடியவில்லை. சாணி மாதக்கணக்கில் கிடந்து காய்ந்தது. அதில் இலையான் பெருகியது. 1838 அளவில் தீமோரிலிருந்து எருமைகளோடு வந்து இறங்கிய எருமை இலையான், வடக்கு அவுஸ்திரேலியாவின் கால்நடைக்குப் பெருந்தொல்லையானது. ஹங்கேரியில் பிறந்த பூச்சியியலாளர் ஜோர்ஜ் பொர்னமிசா 1951இல் அங்கே குடியேறியபோது கவனித்தது இதைத்தான். அவர் முன்னெடுத்த திட்டத்தில், 1965 முதல் 1985 வரை, வெளிநாடுகளிலிருந்து 43 வகை வண்டுகளைக் கொண்டுவந்து விட்டார்கள். அவற்றில் 23 நிலைத்தன. ஒரு செல்வந்த நாடு இருபது ஆண்டு உழைத்துப் பெற்ற ஊழியம் நம் வெளிகளில் சம்பளமில்லாமல் நடந்துகொண்டிருக்கிறது.

அந்த ஊழியத்துக்கு நாமே செய்யும் கெடுதி ஒன்று உண்டு. அது ஊசியில் இருக்கிறது. ஐவர்மெக்டின் 1981இல் கால்நடை மருந்தாகச் சந்தைக்கு வந்தது. குடற்புழுவையும் தோலிலுள்ள ஒட்டுண்ணியையும் ஒருசேரக் கொல்லும் அருமையான மருந்து, மனிதருக்கும் பயன்பட்டது, அதைக் கண்டவர்கள் 2015இல் நோபல் பரிசு பெற்றார்கள். ஆனால் மாட்டின் உடலுக்குள் போன மருந்தின் பெரும்பகுதி உருமாறாமல் சாணியோடு வெளியே வருகிறது. வந்து, அங்கே வளரும் வண்டுப் புழுக்களைக் கொல்கிறது. வோல், ஸ்ட்ரோங் என்ற இரு ஆய்வாளர்கள் 1987இல் ‘நேச்சர்’ இதழில் இதை எழுதியபின் உலகெங்கும் ஆய்வுகள் தொடர்ந்தன. வண்டு குறைந்தால் சாணி புதையாது. புதையாத சாணியில் குடற்புழுக் குஞ்சு அதிகம் பிழைக்கும். மாட்டுக்கு மீண்டும் ஊசி வேண்டும். இந்தச் சுழலுக்குள் ஒருமுறை போனால் வெளியே வருவது கடினம்.

மருந்தே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. மெலிந்த, புழுக்கண்ட மாட்டுக்குக் கொடுங்கள். முழுப் பட்டிக்கும் ஒரே நாளில் ஏற்றாதீர்கள். முதல் மழை விழுந்து வண்டு மண்ணைவிட்டு வெளிவரும் ஒக்டோபர், நவம்பரைத் தவிருங்கள். வண்டுக்குக் கெடுதி குறைந்த மொக்சிடெக்டின் போன்ற மாற்றுகள் உண்டா என்று கால்நடை வைத்தியரிடம் கேளுங்கள். ஊசி போட்ட மாட்டை சில நாள் பட்டியில் கட்டிவைத்து, அந்தச் சாணியைத் தனியே குவித்து மட்கவிடுவதும் நல்லது.

எரு விற்பதைப் பற்றியும் ஒரு சொல். 2021 மே மாதம் இரசாயன உர இறக்குமதி தடைசெய்யப்பட்டு, நவம்பரில் அந்தத் தடை விலக்கப்பட்டது. அந்த மாதங்களில் சாணிக்கு இருந்த கிராக்கி எல்லோருக்கும் நினைவிருக்கும். இரவில் பட்டியில் சேர்ந்த சாணியை விற்பது பண்ணையாளரின் உரிமை. வயலுக்கும் அது நன்மை. மேயும் வெளியில் விழுந்ததை அள்ளுவது வேறு. அது புல்லின் பங்கு.

கறையான்

மாரியில் சாணிவண்டு செய்வதைக் கோடையில் கறையான் செய்கிறது. மழை நின்று மண் இறுகியதும் வண்டுகள் அடங்கிவிடும். அப்போது விழும் சாணி காய்ந்து ஓடாகும். அந்த ஓட்டை அடியிலிருந்து அரித்து மண்ணுக்குள் கொண்டுபோவது கறையான். காய்ந்த இலுக்கையும் உதிர்ந்த சருகையும் அதுவே உள்ளே எடுக்கிறது. நம் வெளிகளில் ஆளுயரத்துக்கு எழும் புற்றுகளைக் கட்டுவதில் முதன்மையானது ஒடொண்டோடேர்மிஸ் ரெடேமனி என்ற வகை. இவை புற்றுக்குள் பூஞ்சைத் தோட்டம் வைத்திருக்கின்றன. அரைத்த சருகில் பூஞ்சையை வளர்த்து அதை உண்கின்றன. மாரி தொடங்கிய கையோடு புற்றைச் சுற்றி எழும் காளான் அந்தத் தோட்டத்தின் பூ. அதைத் தேடிப்போய்ப் பிடுங்கிக் கறியாக்குகிற நமக்கு, அதை வளர்த்தது கறையான் என்பது பல வேளை மறந்துபோகிறது.

புற்றின் மண் சுற்றியுள்ள மண்ணைப்போல இல்லை. ஆழத்திலிருந்து களியைக் கொண்டுவந்து கட்டுவதால் அதில் ஈரம் தங்கும், கல்சியமும் மற்றச் சத்துகளும் கூடுதலாக இருக்கும். மட்டமான வெளியில் மழை வெள்ளம் நிற்கும்போது புற்றடி மேடாக நிற்கும். அந்த மேட்டில்தான் வீரையும் பாலையும் முளைத்து, மாடு படுக்க நிழலாகின்றன. 2015இல் ‘சயன்ஸ்’ இதழில் வந்த ஓர் ஆய்வு, புற்றுகள் உள்ள வறள் புல்நிலம் மழை குறையும்போது பாலையாகிவிடாமல் தாக்குப்பிடிக்கிறது, மழை திரும்பியதும் புற்றடியிலிருந்தே புல் மறுபடி பரவுகிறது என்று காட்டியது. அது ஆபிரிக்காவை வைத்து எழுதப்பட்டது. ஆனால் அதன் காரணவிளக்கம் எட்டு மாத வறட்சியுள்ள நம் நிலத்துக்கும் பொருந்துகிறது. டோசர் ஒரு வெளிக்குள் இறங்கினால் முதலில் தட்டுப்படுவதும் மட்டமாக்கப்படுவதும் புற்றுகள்தான்.

பூவும் பருப்பும்

புல் மட்டும் தின்று பால் கூடாது. புல்லின் நடுவே படரும் அவரைக் குடும்பத்துச் சிறுசெடிகள்தான் மாட்டுக்குப் புரதம் தருகின்றன. வேர்முடிச்சால் மண்ணுக்கு நைதரசனும் தருகின்றன. நம் தரைகளில் இவற்றில் மிகச் சாதாரணமானது சிறுபுள்ளடி. மூன்று சிற்றிலை, ஊதாப் பூ, நிலத்தோடு ஒட்டிய கொடி. அந்தப் பூவில் தேனீ வந்து அமர்ந்து அழுத்தினால்தான் மடல் வெடித்துத் திறந்து மகரந்தம் வெளிப்படும். சிறுபுள்ளடியின் இலையைத் தின்று வளர்வது ஒரு சிறு நீல வண்ணத்துப்பூச்சி; சைசினா ஓட்டிஸ் என்பது அதன் அறிவியற் பெயர். அதன் புழு கசியவிடும் இனிப்புக்காக எறும்புகள் அதைக் காவல்காக்கின்றன. கணுக்கால் உயரத்துக்கு மேல் அரிதாகவே பறக்கும் இந்தப் பூச்சி நடக்க நடக்க எழும்பினால், அந்தத் தரையில் அவரைச்செடி இருக்கிறது என்று பொருள். வேறெந்தக் கருவியும் இல்லாமல் மேய்ச்சலின் தரத்தைப் பார்க்க இதைவிட எளிய அடையாளம் எனக்குத் தெரியாது.

எல்லா வண்ணத்துப்பூச்சியும் நற்செய்தி அல்ல. அளவுக்கு மீறி மேய்ந்த தரையில் மாடு தொடாத தகரை எழும். தகரையில் முட்டையிடும் மஞ்சள் வண்ணத்துப்பூச்சிகள் கூட்டமாகப் பறக்கும். பார்ப்பதற்கு வெளி செழித்ததுபோல இருக்கும். உண்மையில் அது களைத்துப்போன வெளி. பூச்சியை எண்ணுகிறவர் செடியையும் சேர்த்துப் பார்க்கவேண்டும்.

இலங்கையில் ஏறத்தாழ 150 வகைத் தேனீக்கள் பதிவாகியுள்ளன. அவற்றில் கூட்டமாகச் சேர்ந்து வாழ்பவை சிலவே. பெரும்பாலானவை தனித்து வாழ்ந்து, வெறுந்தரையிலோ மண் திட்டிலோ பட்ட மரத்திலோ வளை வைப்பவை. நீலப்பட்டைத் தேனீயும் கருவண்டும் இந்த இனம். கத்தரிப் பூவின் மகரந்தப்பை நுனித்துளையால் மட்டுமே மகரந்தம் விடும். உடலை அதிரவைத்து உலுக்குகிற இந்த வகைத் தேனீக்களால்தான் அதை நன்றாகப் பெயர்க்க முடியும். வளர்ப்புத் தேனீக்கு அந்த வித்தை தெரியாது. உழாத, மருந்து தெளிக்காத நிலம் பக்கத்தில் இருந்தால் தனித்து வாழும் தேனீக்கள் அங்கே வளை வைத்துத் தோட்டத்துக்கு வந்து போகும். ஆகவே கத்தரி, தக்காளி நடுகிறவருக்கும் மேய்ச்சல் தரையில் ஒரு பங்கு இருக்கிறது.

பூச்சி வென்ற களை

மேய்ச்சலைக் கெடுக்கும் அந்நியச் செடிகளைப் பற்றி நாம் அலுத்துப்போகும் அளவுக்குக் கேட்டிருக்கிறோம். உண்ணிச்செடி 1826இல் அழகுக்காகக் கொண்டுவரப்பட்டது. பார்த்தீனியம் 1980களின் இறுதியில் வடக்கில் கால்வைத்தது. ஆனால் பூச்சியைக்கொண்டு களையை வென்ற உலக வரலாற்றின் முதல் அத்தியாயம் தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் நடந்தது என்பதை நம் பாடப்புத்தகங்கள் சொல்வதில்லை.

செஞ்சாயத்தில் ஸ்பெயினுக்கு இருந்த ஏகபோகத்தை உடைக்கக் கிழக்கிந்தியக் கம்பனி ஆசைப்பட்டது. அதற்காகச் சாயப்பூச்சியை வளர்க்கச் சென்னை சைதாப்பேட்டையில் டொக்டர் ஜேம்ஸ் அண்டர்சன் கள்ளித்தோட்டமே வைத்தார். 1795இல் நீல்சன் என்ற கப்டன் பிரேசிலிலிருந்து கல்கத்தாவுக்குப் பூச்சியைக் கொண்டுவந்தார். வந்தது உண்மையான சாயப்பூச்சி அல்ல, அதன் உறவு. சாயம் தேறவில்லை, ஆனால் அது நாட்டில் பரவியிருந்த ஒரு வகை நாகதாளியைத் தின்று தீர்த்தது. அதைக் கண்டு 1836 முதல் 1838 வரை தென்னிந்தியாவுக்கு வேண்டுமென்றே கொண்டுவந்து விட்டார்கள். 1860களில் தென்னிந்தியாவிலிருந்து இலங்கைக்கு வந்தது. ஒரு களையை ஒழிப்பதற்காக ஒரு நாட்டிலிருந்து இன்னொரு நாட்டுக்குப் பூச்சி கொண்டுபோகப்பட்ட முதல் வெற்றி இது. இலங்கையில் அந்தப் பூச்சியை விவரித்து அதற்கு ‘சிலோனிக்கஸ்’ என்று பெயர் வைத்தவர் பூச்சியியலாளர் ஏர்னெஸ்ட் கிறீன், ஆண்டு 1896.

ஆனால் அந்தப் பூச்சி ஒரு வகை நாகதாளியை மட்டும் தின்றது. மஞ்சட்பூப் பூக்கும் மற்ற வகை தப்பி நின்று பரவியது. அதற்கேற்ற இன்னொரு பூச்சியை 1924இல் இலங்கையில் விட்டார்கள். இங்கிருந்து 1926இல் தென்னிந்தியாவுக்குப் போனது. சில ஆண்டுகளில் பெரும் பரப்பு வெளித்தது. முதல் பூச்சி பாக்குநீரிணை தாண்டி வந்தது, இரண்டாவது திரும்பிப் போனது. அதே காலத்தில் அவுஸ்திரேலியாவில் கள்ளி மூடிக் கிடந்த மேய்ச்சல் நிலத்தைக் கக்டோபிளாஸ்டிஸ் என்ற அந்துப்பூச்சி மீட்டது. குவீன்ஸ்லாந்தில் அந்தப் பூச்சியின் பெயரால் ஒரு மண்டபமே கட்டினார்கள். அதே அந்துப்பூச்சி 1989இல் புளோரிடாவில் கண்டுபிடிக்கப்பட்டு, வட அமெரிக்காவின் சுதேசக் கள்ளிகளுக்கு ஆபத்தாகிவிட்டது என்பதையும் சேர்த்துச் சொல்லவேண்டும். பூச்சியை விடுவது எளிது. திரும்ப அழைக்க முடியாது.

இலங்கையில் இந்த அறிவு விட்டுப்போகவில்லை. குரோமோலீனாப் பற்றையைத் தின்னும் அந்துப்பூச்சி 1973இலும், குளங்களை மூடிய சல்வீனியாவைத் தின்னும் கூன்வண்டு 1986இலும் விடப்பட்டன. சல்வீனியாவில் கிடைத்த வெற்றி கண்ணால் காணக்கூடியது. பார்த்தீனியத்தின் இலையைத் தின்னும் மெக்சிக்கோ வண்டை இந்தியா 1984இல் பெங்களூரில் விட்டது. மழைக்காலத்தில் அது செடியை மொட்டையாக்குகிறது; வறட்சியில் மண்ணுக்குள் உறங்கிவிடுகிறது. பூச்சியால் மட்டும் களை போகாது என்பதே இவ்வளவு காலத்துப் படிப்பினை. நன்றாக மூடிய புல், அளவான மேய்ச்சல், பூப்பதற்கு முன் பிடுங்குதல், இவற்றோடு சேர்ந்தால்தான் பூச்சியின் வேலை நிலைக்கும். வெறுந்தரை உள்ளவரை பார்த்தீனியம் வரும்.

கடிப்பவை

மாட்டுக்காரர் பூச்சி என்றவுடன் நினைப்பது கடிப்பவற்றைத்தான். 2020இல் வடக்கில் தலைகாட்டிய தோற்கழலை நோய் பின்னர் நாட்டின் மற்றப் பகுதிகளுக்கும் பரவியது; அதைக் காவுவது கடிக்கும் இலையானும் நுளம்பும் உண்ணியும். உண்ணி எட்டுக்கால் இனம். பூச்சியல்ல, ஆனால் மாட்டுக்கு அந்த வேறுபாடு இல்லை. தடுப்பூசிக்கு மாற்றில்லை. அதே நேரம், மாட்டின் காலடியில் நடந்து இலையானைக் கொத்தும் உண்ணிக்கொக்கும், முதுகில் ஏறும் மைனாவும் கரிக்குருவியும், சாணியை இலையானுக்கு மிஞ்சவிடாத வண்டும் அன்றாடக் காவல். வெளியெல்லாம் மருந்தடித்து இந்தக் காவலைக் கலைப்பது தவறு.

உழுதால் என்ன போகும்

மயிலத்தமடு, மாதவணைக்குள் வெளி மாவட்டங்களிலிருந்து வந்தோர் காட்டை வெட்டிச் சோளன் செய்வதைப் பற்றிப் பண்ணையாளர்கள் பத்தாண்டுக்கு மேலாக முறையிடுகிறார்கள். 2023 செப்டெம்பரில் சித்தாண்டியில் வீதியோரத்தில் அமர்ந்து தொடர் போராட்டம் தொடங்கினார்கள். அந்த நிலம் மகாவலி அதிகார சபையின் கீழ் வருவது சிக்கலின் ஒரு பகுதி. சட்டத்தின் வாதங்களைச் சட்டத்தரணிகள் வைக்கட்டும். இயற்கையின் கணக்கு இது.

சாணிவண்டின் முட்டையும் புழுவும் பெரும்பாலும் மண்ணின் மேற்பகுதியில் இருக்கின்றன. உழுமுனை போகும் இடமும் அதுதான். தேனீயின் வளை அங்கேதான். அறுகின் வேரும் இலுக்கின் கிழங்கும் அங்கேதான். அறுகு செத்துப்போகும், இலுக்கு துண்டுபட்டுப் பெருகும். சோளனோடு 2018இல் நாட்டுக்குள் வந்த படைப்புழு கூடவே வரும். அதற்கு அடிக்கும் மருந்து காற்றில் பக்கத்து வெளிக்கும் போகும். இரண்டு மூன்று போகத்தில் மண் களைத்து, சோளன்காரர் அடுத்த துண்டுக்கு நகர்ந்தபின், விட்டுப்போன நிலத்தில் தானாக எழுவது பழைய மேய்ச்சல் அல்ல. உண்ணிச்செடி, குரோமோலீனா, தகரை, முற்றிய இலுக்கு. பறிபோன நிலத்தை நீதிமன்றம் திருப்பித் தந்தாலும் புல் அதோடு திரும்பி வராது. மேய்ச்சல் தரையைத் ‘தற்காலிகமாக’ப் பயிருக்கு விடலாம் என்ற சமரசப் பேச்சை நான் ஏற்காததற்குக் காரணம் இதுதான்.

என்ன இழக்கிறோம் என்பதைக் காட்ட ஒரு கணக்கு வேண்டும். ஜேர்மனியில் காப்புப் பகுதிகளுக்குள்ளேயே பறக்கும் பூச்சிகளின் மொத்த நிறை 27 ஆண்டுகளில் முக்கால் பங்குக்கு மேல் குறைந்துவிட்டது என்று 2017இல் வெளிவந்த ஆய்வு உலகை உலுக்கியது. அந்த ஆய்வைச் சாத்தியமாக்கியவர்கள் பெரும்பாலும் ஊதியமில்லாத ஆர்வலர்கள். ஆண்டுதோறும் ஒரே மாதிரிப் பொறி வைத்து, ஒரே மாதிரி நிறுத்து, எழுதி வைத்தார்கள். பின்னால் வந்தவர்களுக்கு ஒப்பிட ஒரு கணக்கு இருந்தது.

நமக்கும் அது வேண்டும், செலவும் அதிகமில்லை. ஒரு பிளாஸ்டிக் கோப்பையை வாய் நிலமட்டத்துக்கு வரும்படி புதைத்து, மேலே குறுக்குக் குச்சியில் ஒரு பிடி சாணியைத் துணியில் கட்டித் தொங்கவிட்டால், ஓர் இரவில் அந்தத் தரையின் வண்டுகள் அதில் விழுந்திருக்கும். எண்ணிவிட்டு விட்டுவிடலாம். நூறு அடி நடந்து சிறு நீல வண்ணத்துப்பூச்சிகளை எண்ணலாம். ஒரு முழச் சதுரக் கயிற்றை வீசி, அதற்குள் அறுகு எவ்வளவு, சிறுபுள்ளடி எவ்வளவு, தகரை எவ்வளவு என்று குறிக்கலாம். பாடசாலைப் பிள்ளைகளால் முடியும். தாழங்குடாக் கல்வியியற் கல்லூரியில் விஞ்ஞானம் பயிலும் ஆசிரிய மாணவர்களால் இன்னும் நன்றாக முடியும். வந்தாறுமூலையில் கிழக்குப் பல்கலைக்கழகம் இருக்கிறது, விவசாய பீடம் இருக்கிறது. இனம் பிரித்தறிய அவர்கள் உதவலாம். எந்த வண்டு எந்த மழைக்கு வரும், எந்த வெளியில் புற்று அதிகம் என்பதைப் பட்டிக்காரரிடம் கேட்டு எழுதவேண்டும். அந்த அறிவு முதியவர்களோடு போய்க்கொண்டிருக்கிறது.

உலகத் தரைப்பரப்பில் பாதிக்கு மேல் மேய்ச்சல் நிலம். மொங்கோலியாவின் முன்மொழிவை ஏற்று, 2026ஐ மேய்ச்சல் நிலங்களுக்கும் மேய்ப்போருக்குமான சர்வதேச ஆண்டாக ஐக்கிய நாடுகள் சபை அறிவித்திருக்கிறது. இந்த மாரியில் மாடுகளோடு போகும் பட்டிக்காரரோடு ஒருமுறை நீங்களும் போங்கள். கோப்பையும் கொப்பியும் கொண்டுபோங்கள். பெயர் தெரியாத வண்டாக இருந்தாலும் இடம், நாள், எண்ணிக்கை மூன்றையும் எழுதி வையுங்கள்.